ஐந்து நிமிஷம் முந்திய பஸ்

கொழும்பை ஒரு காலத்தில் ஓட்டியது நான்தான் என்று கலந்தர் சொன்னால் நிந்தவூரில் இப்போது யாரும் சிரிப்பதில்லை. சிரித்துச் சிரித்து அலுத்துவிட்டார்கள். ஆனால் அந்தப் பேச்சில் பாதிக்கு மேல் உண்மை இருந்தது என்பதையும் சொல்லிவிட வேண்டும். முப்பத்துநாலு வருஷம் அவர் தலைநகரத்து அரச பஸ் சேவையின் கட்டுப்பாட்டு அறையில் வேலை பார்த்தவர். சுவரில் ஆள் உயரத்துக்குக் கொழும்பின் வரைபடம், அது நிறைய ஆணிகள், ஒவ்வோர் ஆணியிலும் ஒரு தகர வில்லை. ஒரு வில்லை என்றால் ஒரு பஸ். இரட்டைத் தட்டு பஸ்ஸுக்குச் சிவப்பு, மற்றதுக்கு நீலம். புறக்கோட்டையிலிருந்தும் மருதானையிலிருந்தும் நுகேகொடையிலிருந்தும் டெலிபோனில் சொல்லச் சொல்ல, கலந்தர் வில்லையைக் கழற்றி அடுத்த ஆணியில் மாட்டுவார். எங்கே பஸ் கூடிவிட்டது, எங்கே குறைந்துவிட்டது என்று பார்த்து, இதை அங்கே திருப்பு, அதை இங்கே நிறுத்து என்று அங்கிருந்தே உத்தரவு போகும். கம்பியூட்டர் இல்லை, கைபேசி இல்லை. மனிதனுக்கு இரண்டு கையும் ஒரு தொண்டையும்தான்.

அவரிடம் ஒரு பெருமைக் கதை இருந்தது. வீட்டுக்கு யார் வந்தாலும் இரண்டாவது தேத்தண்ணிக்குள் அது வந்துவிடும். மகள் அஸ்னாவுக்கு அது வாய்ப்பாடு மாதிரிப் பாடம்.

எண்பத்தோராம் ஆண்டு. காலிமுகத்திடலில் ஓர் அணிவகுப்பு. விடிய ஐந்தரைக்குக் காலி வீதியை மூடப்போகிறார்கள் என்ற செய்தி கட்டுப்பாட்டு அறைக்கு வந்து சேரும்போதே விடியப்புறம் மூன்று மணி. இருபத்தெட்டு வயதுக் கலந்தர்தான் அன்றைக்குப் பொறுப்பு. மொறட்டுவையிலிருந்து காலி வீதியால் வருகிற முதல் பஸ்கள் கோட்டையில் சனத்தை இறக்கிவிட்டு, அங்கிருந்து மருதானைக்கும் பொறளைக்கும் ஓடவேண்டியவை. அவை பாதையில் மாட்டுப்பட்டால் நகரத்தின் மறுபாதிக்குக் காலையில் பஸ் இல்லை. மேலே கேட்க நேரமில்லை. கலந்தர் டெலிபோனை எடுத்து, அந்த முதல் பஸ்கள் எல்லாவற்றையும் ஐந்து நிமிஷம் முந்தி எடுக்கச் சொல்லிவிட்டார்.

அது சின்ன விஷயமில்லை. பஸ் பிந்தினால் காரணம் கேட்பார்கள், காரணம் சரியென்றால் விட்டுவிடுவார்கள். முந்திப் போனால் மன்னிப்பே கிடையாது. அதுதான் அங்கே முதல் நாள் சொல்லித் தருகிற சட்டம். அந்தச் சட்டத்தையே உடைத்தார் கலந்தர். ஐந்தரைக்குப் பாதை மூடும்போது முதல் பஸ்கள் அத்தனையும் கோட்டைப் பக்கம் போய்ச் சேர்ந்திருந்தன. அன்றைக்கு மறுபாதி நகரம் ஒரு நிமிஷமும் நிற்கவில்லை. மேலதிகாரி வந்து முதுகில் தட்டினார். அந்தத் தட்டு நாற்பத்துமூன்று வருஷமாக இன்னும் ஆறவில்லை.

கொழும்பில் அத்தனை பஸ்ஸுக்கும் இடம் பிடித்துக் கொடுத்த மனிதனுக்கு எழுபத்தோராவது வயதில் தனக்கு ஓர் இடம் தேடவேண்டி வந்தது.

எங்கள் கிழக்குக் கரையில் வீடு பெண்பிள்ளைக்கு. மகளுக்குக் கல்யாணம் என்றால் வீட்டை அவளுக்கு எழுதிக்கொடுத்துவிட்டு உம்மாவும் வாப்பாவும் பின்வளவில் இரண்டு அறையைக் கட்டிக்கொண்டு ஒதுங்குவார்கள். ஆண்பிள்ளை எங்கே பிறந்தாலும் கடைசியில் பெண்சாதி வீட்டுக்குப் போகவேண்டியவன். கலந்தரும் அப்படித்தான் ஸுல்பிகாவின் வீட்டுக்கு மாப்பிள்ளையாக வந்தார். வந்தார் என்றுகூடச் சொல்ல ஏலாது. மாதத்தில் இரண்டு நாள் கொழும்பிலிருந்து வந்து போனார். பென்சன் எடுத்து வந்து இனி நிம்மதியாக இருப்போம் என்று உட்கார்ந்த எட்டாவது வருஷம் ஸுல்பிகா மௌத்தாகிவிட்டாள். வீடு ஏற்கெனவே மகள் அஸ்னாவுக்குப் போயிருந்தது; கலந்தர் அதிலேயே ஓர் அறையில் இருந்தார். இப்போது அஸ்னாவின் மூத்த மகள் அப்ராவுக்குக் கல்யாணம் சரிவந்து, வீடு அவளுக்குப் போகப் போகிறது. பின்வளவில் இரண்டு அறை எழும்பிக்கொண்டிருந்தது. ஒன்று அஸ்னாவுக்கும் புருஷனுக்கும். மற்றது இளையவள் ஸம்றாவுக்கு.

"நான் ஹோலுக்குள்ள ஒரு கட்டிலப் போட்டுக் கிடப்பன்," என்றார் கலந்தர்.

புதுமாப்பிள்ளை வந்து போகிற ஹோலில் பெண்ணின் மூத்தப்பா கட்டில் போட்டுக் கிடக்க ஏலாது என்பது அவருக்கும் தெரியும், அஸ்னாவுக்கும் தெரியும். ஆனால் அஸ்னா அதைச் சொல்லவில்லை. அவள் வேறொன்றைச் சொன்னாள்.

"வாப்பா, ஒரு கல்யாணக் கதை வந்திரிக்கி."

"அப்ராக்குத்தான் பேசி முடிஞ்சிட்டே. ஸம்றாக்கு இப்ப என்ன அவசரம்?"

"ஸம்றாக்கில்ல. உங்களுக்கு."

கலந்தர் கையிலிருந்த பேப்பரை மடித்தார். பிறகு விரித்தார். "உனக்கு விசர்," என்றார்.

சாய்ந்தமருதில் ஓய்வுபெற்ற கணக்கு ரீச்சர் ஒருவர். சித்தி லைலா என்று பேர். வயது அறுபத்துநாலு. புருஷன் மௌத்தாகி ஒன்பது வருஷம். பிள்ளைகள் மூன்று, மூன்றும் ஆண். மூன்று பேரும் பெண்சாதி வீடுகளுக்குப் போய்விட்டார்கள். எழுதிக்கொடுக்க ஒரு மகள் இல்லாததால் நாலறை வீட்டில் அந்த மனுசி தனியே இருந்தார். வீடில்லாத மனிதன் ஒரு பக்கம், ஆளில்லாத வீடு ஒரு பக்கம். கலந்தருக்குத் தொழில்புத்தி வந்துவிட்டது. ஒரு பக்கம் கூடி, மறுபக்கம் குறைந்தால் என்ன செய்யவேண்டும் என்று அவருக்கா சொல்லித் தரவேண்டும்? ஆனாலும் இரண்டு கிழமை முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டுதான் திரிந்தார். மூன்றாம் கிழமை சலூனுக்குப் போய்த் தாடியை ஒழுங்குபண்ணிக்கொண்டு வந்தார்.

பார்க்கப் போன அன்று லைலாவின் மூத்த மகன் நளீம் அக்கரைப்பற்றிலிருந்து வந்திருந்தான். கலந்தரும் அஸ்னாவும் முன்னறையில் உட்கார்ந்தார்கள். லைலா வந்து எதிரே உட்கார்ந்தார். ஒல்லியான உடம்பு, வெள்ளைப் புடைவை, மூக்குக்கண்ணாடிக்கு மேலால் பார்க்கிற பார்வை. அந்தப் பார்வைக்கு எத்தனையோ பிள்ளைகள் கணக்குச் செய்திருப்பார்கள்.

"கொழும்பில என்ன வேல செஞ்சீங்க?" என்று லைலா கேட்டார்.

எல்லாம் பிழையாகிப்போன இடம் இதுதான். அஸ்னா வாப்பாவின் காலை மெல்ல மிதித்தாள். கலந்தர் அதைக் கவனிக்கவில்லை. ஆணி, வில்லை, டெலிபோன் எல்லாம் வந்தது. லைலா ஆசையாகத்தான் கேட்டுக்கொண்டிருந்தார். வில்லை எத்தனை, தொலைந்தால் என்ன செய்வீர்கள் என்று கேள்விகூடக் கேட்டார். கலந்தருக்கு உச்சி குளிர்ந்துவிட்டது. முதல் தேத்தண்ணியே முடியவில்லை, எண்பத்தோராம் ஆண்டு வந்துவிட்டது.

கதை முடியும்போது லைலாவின் முகத்தில் அந்த ஆசை இல்லை.

"அந்த ஓடர் நீங்களா குடுத்தீங்க?"

"ஓம். நான்தான்," என்றார் கலந்தர், இன்னும் பெருமை போகாமல்.

லைலா கண்ணாடியைக் கழற்றி மடியில் வைத்தார். சத்தம் ஏறவில்லை, இறங்கவுமில்லை. வகுப்பில் ஒரு கணக்கைப் படிப்படியாகச் சொல்வதுபோலவே சொன்னார்.

"அப்ப எனக்கு இருபத்தொரு வயசு. ரீச்சர் ரெய்னிங்குக்குப் போய் தெகிவளையில சொந்தக்காரர் வீட்ட நிண்டன். வாப்பாக்கு வருத்தம் கடுமை எண்டு முதல் நாள் பின்னேரம் தந்தி வந்திச்சி. விடிய மட்டக்களப்புக் கோச்சியப் புடிச்சா அசர் தொழுகையோட ஊருக்கு வந்திரலாம். அஞ்சு மணிக்கு முதல் பஸ். நான் ரெண்டு நிமிஷம் இரிக்கக்குள்ளயே பஸ் ஹோல்டுக்கு வந்திட்டன். பஸ் போயிட்டு எண்டு ஒரு பால்காரன் சொன்னான். நான் நம்பல்ல. அது எப்படி, இன்னும் அஞ்சு மணி ஆகல்லயே எண்டு அவனோட சண்ட புடிச்சன்."

லைலா மடியிலிருந்த கண்ணாடியின் காதுகளை மடக்கிவிட்டுத் தொடர்ந்தார்.

"அடுத்த பஸ்ஸ பம்பலப்பிட்டியில நிப்பாட்டிட்டாங்க, பாத பூட்டு. நான் பேக்கையும் தூக்கிக்கிட்டு ஓடினன். ஸ்டேசன் வாசலுக்கு வரக்குள்ள கோச்சி போற சத்தம் கேட்டிச்சி. மத்தியானம் வாப்பா மௌத்து. அந்தக் கோச்சியில நான் வருவன் எண்டு எல்லாருக்கும் தெரியும். அதனால மையத்த அடக்க எடுக்காம, அஞ்சு மணி வரைக்கும் என்னப் பாத்துக்கிட்டு இருந்திருக்காங்க. கோச்சியில வந்த ஆக்களெல்லாம் வந்தாங்க. நான் வரல்ல. எடுத்திட்டாங்க. அடுத்த நாள் நான் வந்து பாத்தது வாப்பாட செருப்ப மட்டும்தான்."

கலந்தர் கையிலிருந்த தேத்தண்ணிக் கோப்பையைக் கீழே வைத்தார். லைலா எழும்பி, "பிஸ்கற் எடுங்க மகள்," என்று அஸ்னாவிடம் தட்டை நீட்டிவிட்டு உள்ளே போய்விட்டார்.

திரும்பி வரும்போது பஸ்ஸில் அஸ்னா யன்னல் பக்கம் பார்த்துக்கொண்டு அழுதாள். வாப்பாவுக்குக் கிடைக்கவிருந்த வீடு போய்விட்டதே என்றுதான் முதலில் அழுதாள். பிறகு அந்தச் செருப்பை நினைத்து அழுதாள்.

அதற்குப் பிறகு கலந்தர் அந்தக் கதையைச் சொல்லவில்லை. அப்ராவின் மாப்பிள்ளை வீட்டார் வந்து கொழும்பைப் பற்றிக் கேட்டபோதும், "நல்ல ஊர்தான்," என்று சொல்லிவிட்டு எழும்பிப் போனார். அவரை அரித்தது ஒரே விஷயம். அந்தப் பெரிய வரைபடத்தில் பஸ்ஸுக்கெல்லாம் ஆணி இருந்தது. ஹோல்டில் நிற்கிற ஆளுக்கு ஓர் ஆணி இருக்கவில்லை. நேரத்துக்கு வந்த ஆள், பிழையே செய்யாத ஆள், இருட்டில் நின்று ஒரு பால்காரனோடு சண்டை பிடித்துக்கொண்டிருக்கும்போது, தான் சிரித்துக்கொண்டு தேத்தண்ணி குடித்திருப்பேன் என்று அவருக்கு விளங்கியது. வெட்கமாக இருந்தது. அந்த வெட்கம் அவருக்குப் பழக்கமில்லாதது.

பத்தாம் நாள் அஸ்னாவிடம் வந்தார். "நளீமுக்கு போனில ஒரு கோல் எடு. கல்யாணக் கதைக்கு இல்ல. அந்த மனுசிக்கிட்ட ஒரு விஷயம் சொல்லோணும். சொல்லிட்டு வந்திருவன்."

வெள்ளிக்கிழமை நாலு மணிக்கு வரச்சொல்லிப் பதில் வந்தது. நளீமும் அன்றைக்கு வீட்டில் இருப்பானாம். கலந்தர் அஸ்னாவையும் கூட்டிக்கொண்டு பஸ் ஏறினார். மூன்றரைக்கே சாய்ந்தமருதில் இறங்கிவிட்டார்கள். லைலாவின் வீடு பாதைக்கு மறுபக்கம், நேர் எதிரே. வாங்க போவோம் என்று அஸ்னா கூப்பிட்டாள். கலந்தர் அசையவில்லை.

"நாலு மணிக்கெண்டு சொன்னா நாலு மணிக்குத்தான். முந்திப் போகப்படா."

அரை மணித்தியாலம் வெயிலில், ஹோல்டில் நின்றார். கூரை இருந்தது, ஆனால் வெயில் சரிந்து வந்து முகத்திலேயே விழுந்தது. வந்த பஸ்களெல்லாம் நிறுத்திப் பார்த்துவிட்டுப் போயின. கல்முனைக்கா, கல்முனைக்கா என்று கேட்ட கொண்டக்டர்களுக்குத் தலையை ஆட்டி ஆட்டி அலுத்துப்போனார். எதிர்வீட்டு யன்னல் திரை ஒரு தடவை விலகியது. கொஞ்ச நேரத்தில் இன்னொரு தடவையும் விலகியது.

சரியாக நாலு மணிக்கு உள்ளே போய், உட்காராமலே சொன்னார். "ரீச்சர், அந்த ஓடர நான் நாப்பத்திமூணு வருஷம் பெருமையாச் சொல்லித் திரிஞ்சிட்டன். ரோட்டில நிண்ட ஆக்கள ஒரு நாளும் நினைக்கல்ல. நான் செஞ்சது பிழை. மன்னிச்சுக்கோங்க. இதச் சொல்லத்தான் வந்தன்."

"இரிங்க," என்றார் லைலா.

கலந்தர் உட்கார்ந்தார். லைலா எதிரே உட்கார்ந்து, "அண்டைக்கு நீங்க அப்படிச் செய்யாட்டி என்ன நடந்திருக்கும்?" என்று கேட்டார். குத்திக்காட்டிக் கேட்கவில்லை. விடை தெரிய வேண்டும் என்றுதான் கேட்டார்.

"மருதானப் பக்கம் காலையில பஸ் இல்ல. ஆஸ்பத்திரிக்குப் போற ஆக்கள், வேலைக்குப் போற ஆக்கள், ஆயிரக்கணக்கில நிண்டிருப்பாங்க."

"அதிலயும் ஆராவது ஒரு புள்ள வாப்பாவப் பாக்கப் போயிருக்கும்."

"போயிருக்கும்."

"நானும் இவ்வளவு நாளா அதத்தான் யோசிச்சன். நீங்க செஞ்சது கணக்குக்குச் சரி. எனக்குத்தான் சரிவரல்ல." லைலா கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டார். "நாப்பத்திமூணு வருஷமா அந்த பஸ் டிரைவருக்குத்தான் நான் ஏசிக்கிட்டு இருந்தன். பாவம் அந்த மனிசன். நீங்க சொல்லாட்டி இன்னும் ஏசியிருப்பன்."

அஸ்னா சிரித்துவிட்டாள். சிரிக்கலாமோ என்று பயந்து வாயைப் பொத்தினாள். லைலாவும் சிரித்ததைக் கண்ட பிறகுதான் கையை எடுத்தாள்.

லைலா எழும்பி அலுமாரியிலிருந்து நாலாக மடித்த ஒரு தாளை எடுத்து வந்தார். அடிமட்டம் வைத்துப் பென்சிலால் கீறிய படம். பள்ளிவாசல், பின்னால் மையத்தை அடக்கும் மையவாடி, கேட், வேப்பமரம், வரிசை வரிசையாகச் சின்னப் பெட்டிகள். ஒரு பெட்டி மட்டும் கறுப்பாக நிரப்பியிருந்தது.

"எங்கட ஊரில பொம்புளையள் மையவாடிக்குள்ள போறல்ல. கூடப் பொறந்த காக்காமார் சொல்லச் சொல்லக் கேட்டு நான் கீறினது. காக்காமாரும் இப்ப இல்ல. மகன்மார் பெருநாளைக்குத்தான் வந்து போவாங்க. என்ட வாப்பாட கபுற நான் ஒரு நாளும் கண்டதில்ல." அவர் தாளைக் கலந்தரிடம் நீட்டினார். "எனக்கு அந்த அஞ்சு நிமிஷம் வேணும். நீங்க போய் அதில அஞ்சு நிமிஷம் நில்லுங்க. ஸலாம் சொல்லி, துஆ கேளுங்க. மத்தக் கதையெல்லாம் பொறகு."

கலந்தர் படத்தை வாங்கி ஒரு தடவை பார்த்தார். அவருக்கு ஒரு தடவை போதும்.

நளீமை வீட்டில் விட்டுவிட்டு நாலு எட்டு நடந்தார்கள். மையவாடி கேட் வரைக்கும் லைலாவும் அஸ்னாவும் வந்தார்கள். கேட்டடியில் லைலா நின்றுவிட்டார். முந்தானையை இழுத்துத் தலையில் சரிசெய்துகொண்டு, உள்ளே பார்க்காமல், கீழே மணலைப் பார்த்துக்கொண்டு நின்றார்.

கலந்தர் செருப்பைக் கழற்றிவிட்டு உள்ளே போனார். வேப்பமரத்துக்கு நேரே, கிழக்குச் சுவரிலிருந்து மூன்றாவது வரிசை, ஏழாவது. தலைமாட்டில் ஒன்று, கால்மாட்டில் ஒன்றாக இரண்டு மீசான் கல். எழுத்து அழிந்துபோயிருந்தது. ஆனால் இடம் ஓர் அடிகூடப் பிசகவில்லை. காணாமலே கீறிய மனுசியின் படம் அது. அவருடைய கண் நிறைந்துவிட்டது.

ஸலாம் சொன்னார். ஓதினார். கையேந்தித் துஆக் கேட்டார். முடித்துவிட்டு மணிக்கூட்டைப் பார்த்தால் மூன்றரை நிமிஷம்தான் ஆகியிருந்தது. ஐந்து நிமிஷம் எவ்வளவு நீளம் என்று வாழ்நாளில் அன்றைக்குத்தான் அவருக்குத் தெரிந்தது. கடல்காற்று வந்து வேப்பிலையை உதிர்த்தது. கல்லில் விழுந்த இலைகளை ஒவ்வொன்றாகப் பொறுக்கி ஓரத்தில் போட்டார். ஐந்து ஆனது. அவர் வெளியே போகவில்லை. கீழே குந்தி, பக்கத்தில் இருக்கிற ஆளோடு கதைக்கிற மாதிரி, மெல்லச் சொன்னார்.

"மகள் வந்திட்டா. நேரத்துக்குத்தான் வந்தா, பிழை என்னில. வாசல்ல நிக்கா."

எழும்பி வாசலுக்கு வந்தபோது லைலா தலையை நிமிர்த்தினார்.

"கண்டீங்களா?"

"கண்டன். நீங்க கீறின இடத்திலதான் இரிக்காங்க."

"என்ன சொன்னீங்க?"

கலந்தர் சொன்னார். சொன்னதை அப்படியே சொன்னார். லைலா முந்தானையால் முகத்தை மூடிக்கொண்டார். அந்தப் பாதையில் போன ஒரு சைக்கிள்காரர் திரும்பிப் பார்த்துவிட்டுப் போனார். அஸ்னா கிட்டப் போய் லைலாவின் தோளைப் பிடித்துக்கொண்டாள். இருபத்தொரு வயதில் வந்து சேராத ஒரு பிள்ளை அந்தக் கேட்டடியில் நின்று அழுது முடிக்கும் வரைக்கும் கலந்தர் செருப்பைப் போடாமல் அப்படியே நின்றார்.

பிறகு லைலா கண்ணாடியை முந்தானையால் துடைத்துப் போட்டுக்கொண்டு மணிக்கூட்டைப் பார்த்தார்.

"ஏழு நிமிஷம். ரெண்டு நிமிஷம் பிந்திட்டீங்க."

"பிந்தினா மன்னிக்கலாம் ரீச்சர். சட்டத்தில இரிக்கி."

"அப்ப ஒவ்வொரு வெள்ளிக்கிழமையும் பிந்துங்க," என்றார் லைலா. இரண்டு எட்டு முன்னால் நடந்தவர், அவர் வருகிறாரா என்று திரும்பிப் பார்த்தார். "நிந்தவூரில இரிந்து கிழமைக்குக் கிழம பஸ் ஏறி வாற வயசா இது. வாங்க, வீட்ட போவம். நளீம் இரிக்கான், நாளக் குறிச்சிருவம்."

கலந்தர் செருப்பை மாட்டிக்கொண்டு, அந்தத் தாளை நாலாக மடித்துச் சட்டைப்பையில் வைத்தார். அவசரப்படாமல் பின்னால் நடந்தார்.